இரண்டு சாம்பல் வயர்கள்

எங்கள் வீட்டில் நிற்கும் டொயோட்டா கொரோலா 2006ஆம் ஆண்டு வண்டி. அதை வேறொருவரிடமிருந்து வாங்கி நான்கு ஆண்டுகள் ஆகின்றன. சேலத்திற்குள் சுற்றுவதற்கு ஸ்கூட்டரே போதும் என்பதால், காரை வெளியே எடுப்பது மாதத்திற்கு இரண்டு மூன்று முறைதான். அதுவும் பெரும்பாலும் ஏற்காட்டில் இருக்கும் அக்கா வீட்டிற்குப் போய்வருவதற்காக. இந்த நான்கு ஆண்டுகளில் அந்த வண்டி எனக்குக் கொடுத்த தொல்லைகள் இரண்டு. ஒரு வாரம் தொடர்ந்து நின்றுவிட்டால், சாவியைத் திருப்பும்போது ‘டக்’ என்று ஒரு சத்தம் மட்டும் வரும், எஞ்சின் கிளம்பாது. மற்றொன்று, அடிவாரம் தாண்டி மலை ஏறத் தொடங்கியதும், வலப்பக்கம் திரும்புகிற கொண்டை ஊசி வளைவுகளில் மட்டும் பின்பக்க இடது ஸ்பீக்கர் கரகரத்து அடங்கிவிடும். வண்டி நேரானதும் ஒன்றுமே நடக்காததுபோலப் பாடும். இருபது வளைவுகளையும் ஏறி ஏரிக்கரைக்குப் போய்ச் சேர்வதற்குள், கேட்ட பாட்டு எது என்பது மறந்து அந்தக் கரகரப்புதான் காதில் நிற்கும்.

இரண்டும் ஒரே நோயின் இரண்டு முகங்கள் என்பது, தொடுதிரை வைத்த புதிய ஸ்டீரியோ ஒன்றை வாங்கி, அதை நானே மாட்டுவது என்று டேஷ்போர்டைத் திறந்தபோதுதான் தெரிந்தது.

அதற்கு முன்பே ஒரு சந்தேகம் எழுந்திருந்தது. இரண்டு ஆண்டுகளுக்குள் இரண்டாவது பேட்டரி வாங்கப் போனபோது, கடைக்காரர் பழையதைச் சோதித்துப் பார்த்துவிட்டு, “பேட்டரி மேல தப்பு இல்லைங்க சார், வண்டியில எதுவோ ராத்திரி பூரா கரண்ட்டு குடிக்குதுங்க” என்றார். விற்பனையைத் தானே கெடுத்துக்கொண்ட அந்த மனிதருக்கு நான் கடன்பட்டிருக்கிறேன். வீட்டிற்கு வந்து, எல்லாவற்றையும் அணைத்து, கதவுகளைச் சாத்தி, பேட்டரியின் மைனஸ் முனையைக் கழற்றி, அந்த இடைவெளியில் மல்டிமீட்டரை 10 ஆம்பியர் துளையில் வைத்து இணைத்துப் பார்த்தேன். சிறிது நேரம் பொறுத்த பிறகும் 180 மில்லி ஆம்பியர் ஓடிக்கொண்டிருந்தது. நல்ல நிலையில் இருக்கும் வண்டியில் இது 50 மில்லி ஆம்பியருக்குள் இருக்க வேண்டும். 180 என்பது பார்வைக்குச் சிறிய எண்தான்; ஆனால் ஒரு நாளைக்கு நான்கு ஆம்பியர் மணிக்கு மேல், ஏழு நாளைக்கு முப்பது என்று கூட்டிப் பார்த்தால், 35 ஆம்பியர் மணி பேட்டரியில் ஸ்டார்ட்டரைச் சுழற்ற என்ன மிஞ்சும்? ரேடியோவுக்கான பியூஸைப் பிடுங்கியதும் மீட்டர் 20க்கு இறங்கிவிட்டது.

ஆகவே, குற்றவாளி யார் என்று தெரிந்துகொண்டேதான் டேஷ்போர்டைத் திறந்தேன். நடுப் பலகை கிளிப்புகளில்தான் நிற்கிறது. பழைய பிளாஸ்டிக் ஸ்கேல் ஒன்றின் முனையில் துணி சுற்றி நெம்பினால் கீறல் இல்லாமல் வந்துவிடும். செட்டைப் பிடித்திருப்பவை நான்கு 10 மி.மீ. போல்ட்டுகள். அவற்றைக் கழற்றிச் செட்டை முன்னால் இழுத்தபோது, அதன் பின்னால் தேன்கூடுபோல ஒரு வயர்க் கொத்து தொங்கியது. எனக்கு முன்பிருந்தவருக்கு ஏதோ ஒரு கடையில் செட் மாற்றிக் கொடுத்தவர், வண்டியோடு வந்த, வயர்களைச் செருகி இணைக்கும் 10 முனைக் கப்ளரையும் 6 முனைக் கப்ளரையும் வெட்டி எறிந்துவிட்டு, வயர்களை வெறுங்கையால் முறுக்கி இன்சுலேஷன் டேப் சுற்றியிருந்தார். சேலத்து மே மாத வெயிலில் மூடிய காருக்குள் அந்த டேப்பின் பசை உருகி வழிந்து, டேப் சுருள் பிரிந்து, பாதி வயர்கள் அம்மணமாக நின்றன. மலையின் ஈரக்காற்றும் தன் பங்கைச் செய்திருந்தது. ஒரு முறுக்கைப் பிரித்தபோது செம்புக் கம்பி பச்சை பூத்திருந்தது. தொட்டதும் அதில் இரண்டு இழைகள் கையோடு வந்தன. அதுதான் பின் இடது ஸ்பீக்கரின் மஞ்சள் வயர். வண்டி வலப்பக்கம் திரும்பும்போது கொத்து முழுவதும் இடப்பக்கம் சாய்ந்து அந்த மஞ்சள் வயரை இழுத்திருக்கிறது.

வெட்டியவரை நான் திட்டியது உண்மைதான். ஆனாலும் அவர் ஏன் குழம்பினார் என்பது அடுத்த ஒரு மணி நேரத்தில் எனக்கும் புரிந்தது. சந்தையில் விற்கும் செட்டுகளுக்கு ஒரு நிற வழக்கு உண்டு: மஞ்சள் என்றால் எப்போதும் இருக்கும் 12 வோல்ட், சிவப்பு என்றால் சாவி திருப்பினால் வரும் 12 வோல்ட், கறுப்பு என்றால் எர்த். டொயோட்டாவுக்கு வேறு வழக்கு. அங்கே எப்போதும் இருக்கும் மின்சாரம் நீலத்தில் மஞ்சள் கோடு போட்ட வயரில் வருகிறது, சாவி மின்சாரம் சாம்பல் நிறத்தில் வருகிறது, எர்த் பழுப்பு. இத்தோடு நின்றிருந்தால் பரவாயில்லை. செட்டின் வழக்கில் பெரிய பதவியில் இருக்கும் நிறங்களையெல்லாம் டொயோட்டா ஸ்பீக்கர்களுக்குக் கொடுத்திருக்கிறது: கறுப்பு பின் இடது ஸ்பீக்கரின் பிளஸ், மஞ்சள் அதன் மைனஸ், சிவப்பு பின் வலது பிளஸ், வெள்ளை அதன் மைனஸ். செட்டிலிருந்து வரும் வெள்ளையோ முன் இடது பிளஸ். ஊதா வண்டியில் முன் இடது மைனஸ். செட்டில் பின் வலது பிளஸ். ஒரே பெயர் வைத்த இரண்டு பேரை ஒரு கல்யாண வீட்டில் தேடுவதுபோல இருந்தது.

எல்லாவற்றிலும் ஆபத்தானது சாம்பல். வண்டியின் சாம்பல் வயரில் சாவியைத் திருப்பினால் 12 வோல்ட் வரும்; செட்டின் சாம்பல் வயரோ முன் வலது ஸ்பீக்கரின் பிளஸ். இரண்டையும் சேர்த்துவிட்டுச் சாவியைத் திருப்பினால், செட்டுக்குள் ஒலியைப் பெருக்கும் சில்லான ஆம்பிளிஃபயர் ஐ.சி.யின் வாய்க்குள் பேட்டரியையே ஊற்றியதாகும். முந்தைய மெக்கானிக் அந்த அளவுக்குப் போகவில்லை; எதற்கு வம்பு என்று சாம்பல் வயருக்குத் தனியாக டேப் சுற்றி ஒதுக்கிவிட்டு, செட்டின் மஞ்சளையும் சிவப்பையும் சேர்த்து ஒரே நீல வயரில் முறுக்கிவிட்டார். சாவியை எடுத்த பிறகும் செட் பாதித் தூக்கத்திலேயே இருந்து பேட்டரியைக் குடித்ததற்கு அதுதான் காரணம்.

இவ்வளவும் தெரிந்த நான் அந்தத் தவற்றைச் செய்ய மாட்டேன் என்று நினைத்தால் அது தவறு. இரண்டு மணி நேரம் குனிந்திருந்து கழுத்து வலித்த நிலையில், டார்ச் வெளிச்சத்தில், ஒரு சாம்பல் முனையையும் மற்றொரு சாம்பல் முனையையும் தோல் உரித்து நான் அருகருகே பிடித்தபோது, டார்ச்சைப் பிடித்திருந்த என் மனைவி, “அது சாவிக்கு வர்ற வயருன்னு நீங்கதானே சொன்னீங்க?” என்றாள். அதன் பிறகு பத்து நிமிடம் இருவரும் மோர் குடித்தோம்.

மீண்டும் தொடங்கியபோது நிறத்தை ஓர் ஓரமாக வைத்துவிட்டு ஒவ்வொரு வயரையும் மீட்டரால் விசாரித்தேன். மீட்டரின் கறுப்பு முனையை டேஷ்போர்டுக்குப் பின்னால் பெயின்ட் இல்லாத இரும்பில் வைத்து, சிவப்பு முனையால் தொட்டுப் பார்த்தால், சாவியே இல்லாதபோதும் 12 காட்டுவது நினைவுக்கான வயர். செட்டின் கடிகாரமும் சேமித்த எப்.எம். நிலையங்களும் அதை நம்பித்தான் இருக்கின்றன. சாவி முதல் நிலைக்கு வந்தால் மட்டும் 12 காட்டுவது ஏ.சி.சி. எனப்படும் சாவி மின்சாரம். பார்க்கிங் விளக்கைப் போட்டால் மட்டும் உயிர்பெறுவது பச்சை. அது டேஷ்போர்டு விளக்குகளுக்கானது. ஸ்பீக்கர் வயர்களுக்கு மீட்டரை ஓம் அளவுக்கு மாற்றிக்கொள்ள வேண்டும். 4 ஓம் ஸ்பீக்கரின் ஜோடி வயர்களுக்கு இடையே மூன்றரை ஓம் அளவில் காட்டும். ஜோடி தவறினால் எதுவும் காட்டாது.

எது பிளஸ், எது மைனஸ் என்பதை மீட்டர் சொல்லாது. அதற்கு ஒரு பென்சில் செல் போதும். ஜோடியின் இரு முனைகளையும் ஒன்றரை வோல்ட் செல்லில் கணநேரம் தொட்டு எடுத்தால் ஸ்பீக்கரில் ‘டப்’ என்று ஒரு சத்தம் வரும். அந்த நொடியில் ஸ்பீக்கரின் காகிதக் கூம்பு வெளியே துள்ளினால், செல்லின் பிளஸ் தொட்ட வயரே ஸ்பீக்கரின் பிளஸ். பின்கண்ணாடிக்குக் கீழே உள்ள ஸ்பீக்கர்களில் வலை மூடியின் வழியே டார்ச் அடித்தால் அந்தத் துள்ளல் நன்றாகத் தெரிகிறது. நான் முன்னால் தொட, மனைவி பின்னால் இருந்து “வெளிய வந்துச்சு”, “உள்ள போச்சு” என்று தீர்ப்புச் சொன்னாள். ஒரு ஸ்பீக்கர் மட்டும் தலைகீழாக இணைந்துவிட்டால் எதுவும் எரியாது. ஆனால் ஒன்று காற்றைத் தள்ளும்போது மற்றொன்று இழுப்பதால் தவிலும் பேஸும் மெலிந்து, பாடகரின் குரல் நடுவில் நிற்காமல் எங்கோ மிதக்கும். பலர் செட் சரியில்லை என்று குறை சொல்வது இதைத்தான் என்று நினைக்கிறேன்.

மற்றொரு விஷயத்தையும் இங்கே சொல்லிவிடுகிறேன். இப்போதைய செட்டுகளில் ஸ்பீக்கரின் மைனஸ் வயர் எர்த் அன்று. அமைதியாக இருக்கும்போது இரு வயர்களிலும் பேட்டரியின் பாதி, அதாவது ஏறக்குறைய 6 வோல்ட் நிற்கும். பாட்டு வரும்போது ஒன்று ஏற, மற்றொன்று இறங்கும். அதனால்தான் நான்கு மைனஸ் வயர்களையும் சேர்த்துப் பாடியில் முறுக்கும் பழைய பழக்கம் இன்றைய செட்டைக் கொன்றுவிடும். டொயோட்டாவின் கறுப்பு வயரைப் பார்த்து எர்த் என்று நம்பினாலும் முடிவு ஏறக்குறைய அதுதான்.

இணைப்பதற்கு டொயோட்டா கப்ளர்களை ஆண், பெண் இரண்டு வகையிலும் வாங்கினேன். வண்டியின் வயர்களில் ஒரு பாதியும் செட்டின் வயர்களில் மறு பாதியும் இணைந்துவிட்டால், அடுத்த முறை எவரும் கத்தியைத் தொட வேண்டியதில்லை. பச்சை பூத்த செம்பை, பளபளப்பு தெரியும் இடம்வரை வெட்டிவிட்டு, ஈயம் வைத்து, சூட்டில் சுருங்கும் குழாயைப் போட்டு மூடினேன். ஈயம் வைப்பதற்கு முன்பே அந்தக் குழாயை வயரில் கோத்துவிட வேண்டும் என்பதை மூன்று முறை மறந்து மூன்று முறை ஈயத்தை உருக்கியது தனிக்கதை. இணைப்புகள் எல்லாம் ஒரே இடத்தில் பருத்துவிடாதபடி வயர்களை ஏற்றியும் இறக்கியும் வெட்டிக்கொண்டால், செட் பின்னால் போய் ஒழுங்காக உட்காரும்.

டபுள் டின் எனப்படும் இரட்டை உயர அளவிலான செட் ஏறக்குறைய 180 மி.மீ. அகலமும் 100 மி.மீ. உயரமும் கொண்டது, டொயோட்டாவின் துளை 200 மி.மீ. அகலம். முந்தைய மெக்கானிக் அந்த இடைவெளியில் தெர்மாகோல் துண்டுகளைச் செருகியிருந்தார். அதை அடைக்க, செட்டின் இரு பக்கமும் பொருத்தும் பிளாஸ்டிக் பட்டைகள் தனியாகவே கிடைக்கின்றன. பெட்டியின் மேல் ‘50 வாட் பெருக்கல் 4’ என்று அச்சடித்திருப்பதை யாரும் மனதில் கொள்ள வேண்டாம்: 200 வாட்டுக்கு 14 ஆம்பியருக்கு மேல் வேண்டும், செட்டின் முதுகில் இருக்கும் பியூஸோ 10 ஆம்பியர். எப்.எம். விஷயத்தில், ஜப்பானிலிருந்து நேராக இறக்குமதியாகும் வண்டிகளில் இருக்கும் தொல்லை நமக்கு இல்லை. அங்கே எப்.எம். அலைவரிசை 76 மெகாஹெர்ட்ஸில் தொடங்கி 90இலோ 95இலோ முடிந்துவிடுவதால், இலங்கையில் அத்தகைய வண்டி வாங்குகிறவர்கள் 100 மெகாஹெர்ட்ஸுக்கு மேலுள்ள நிலையங்களைப் பிடிக்க முதலில் செட்டைத்தான் மாற்றுகிறார்கள்.

மீட்டர் இப்போது 22 மில்லி ஆம்பியர் காட்டியது. அடுத்த ஞாயிறு ஏற்காட்டிற்குப் புறப்பட்டோம். இருபது வளைவுகளிலும் பின் இடது ஸ்பீக்கர் வாயை மூடவில்லை. அக்கா வீட்டில் சாப்பிட்டு, காபி குடித்து, பேசிக்கொண்டே இருந்ததில் இருட்டிவிட்டது. இறங்கும்போது பனிமூட்டமும் சூழ்ந்துகொண்டது. அப்போதுதான் என் சோம்பலின் விலை தெரிந்தது. செட்டில் ஆரஞ்சு நிறத்தில் ஒரு வயர் உண்டு. அதை விளக்கு வயரோடு சேர்த்தால் இரவில் திரை தானாக மங்கும். மாட்டிய அன்று நேரமாகிவிட்டதால், இது இல்லாவிட்டால் என்ன என்று டேப் சுற்றி ஒதுக்கியிருந்தேன். இப்போது பகல் வெளிச்சத்தில் எரிந்த அந்தத் திரை முன்கண்ணாடியில் வெள்ளைச் சதுரமாகப் பிரதிபலிக்க, வெளியே பனியும் வெள்ளையாக நிற்க, அடுத்த வளைவு எந்தப் பக்கம் என்றே தெரியவில்லை. வண்டியை ஓரங்கட்டி, செட்டை முழுவதுமாக அணைத்துவிட்டு, அடிவாரம்வரை பாட்டில்லாமலே இறங்கினோம்.

மறுநாள் மாலை பலகையை மறுபடி நெம்பி எடுத்தேன். செட்டின் ஆரஞ்சை வண்டியின் பச்சையோடு சேர்க்க வேண்டும். செட்டிலும் ஒரு பச்சை இருக்கிறது, அது பின் இடது ஸ்பீக்கருக்கு. மனைவி டார்ச்சோடு கேட்காமலே வந்து நின்றாள். கால் மணி நேரத்தில் வேலை முடிந்தது. பார்க்கிங் விளக்கைப் போட்டதும் திரை மங்கியது. பிறகு எந்த வயர் எதோடு சேர்ந்திருக்கிறது என்பதை ஒரு தாளில் எழுதி, வண்டியின் கையேட்டுக்குள் மடித்து வைத்தேன். அதன் முதல் வரி: வண்டியின் சாம்பல், செட்டின் சிவப்பு.