அரளிச் செடி வைத்திருப்பவர்கள் கவனத்திற்கு

அரளியில் விஷமில்லாத பாகம் என்று எதுவுமே இல்லை. இலை, பூ, தண்டு, வேர், பால், விதை எல்லாமே விஷம்தான். மஞ்சள் அரளியில் விதைதான் மிகக் கொடியது. குழந்தைகள் எடுத்து விளையாடுவதும் அந்த விதை இருக்கும் காயைத்தான்.

செவ்வரளியில் இருக்கும் ஒலியாண்ட்ரின் என்ற விஷம், இதயத் தசைச் செல்களில் சோடியம், பொட்டாசியம் அளவைச் சீராக வைக்கும் சோடியம்-பொட்டாசியம் பம்பை முடக்குகிறது. முதலில் வாந்தி, வயிற்றுவலி, தலைசுற்றல். பிறகு நாடி மெதுவாகி, துடிப்பு தாறுமாறாகும். வாந்தி நின்றதும் சரியாகிவிட்டது என்று நினைப்பதுதான் பெரிய ஆபத்து, இதயக் கோளாறு அதற்குப் பிறகும் வரலாம்.

காய வைத்தாலும் கொதிக்க வைத்தாலும் விஷம் போகாது. அதனால் கஷாயம் வேண்டவே வேண்டாம்.

கிளை வெட்டும்போது கையுறை போடுங்கள். பால் பட்டால் சோப்புப் போட்டுக் கழுவுங்கள், கண்ணைத் தொடாதீர்கள். வெட்டியதை எரிக்காதீர்கள், புகையும் கெடுதல். ஆடு மாடு மேயும் இடத்தில் போடவும் கூடாது.

யாராவது தின்றுவிட்டால் உப்புக் கரைசல் கொடுத்து வாந்தி எடுக்க வைக்காதீர்கள். வாயில் மிச்சமிருப்பதைத் துடைத்தெடுத்து, செடியின் ஒரு துண்டைப் பையில் போட்டுக்கொண்டு உடனே மருத்துவமனைக்கு ஓடுங்கள். அறிகுறி இல்லாவிட்டாலும் இசிஜி எடுத்துக் கண்காணிக்க வேண்டும்.