தாராவியில் நடை

மும்பைக்குப் போகும் நண்பர்கள் சிலர் தாராவி வாக்கிங் டூர் போகலாமா என்று கேட்கிறார்கள். வறுமையை வேடிக்கை பார்க்கவென்றால் வேண்டாம். அங்கே நடக்கும் தொழிலைப் பார்க்கவென்றால் தாராளமாகப் போங்கள்.

மாஹிம் ஸ்டேஷன் பக்கம் இறங்கினால் பதிமூன்றாம் காம்பவுண்ட். ஊர் கழித்த பிளாஸ்டிக்கெல்லாம் இங்கேதான் வருகிறது. நிறம் வாரியாக, ரகம் வாரியாகப் பிரித்து, மெஷினில் நொறுக்கி, கழுவி, தகரக் கூரை மேல் காயவைத்து, உருக்கி நூலாக இழுத்து, குருணையாக வெட்டி மறுபடி ஆலைக்கு அனுப்புகிறார்கள். அந்தப் புகையில் நமக்குச் சில நிமிஷத்திலேயே தொண்டை கரகரக்கும். அவர்களுக்கு நாள் முழுக்க அதுதான்.

அப்புறம் சௌராஷ்டிரத்திலிருந்து வந்த குயவர்களின் கும்பார்வாடா. தோல் பட்டறைகளுக்குத் திருநெல்வேலிச் சீமையிலிருந்து போன நம் ஆட்களின் வாரிசுகளும் இங்கே நிறைய. 90 அடி ரோட்டில் பொங்கல் அமர்க்களப்படும். மாதுங்கா தெருக்களில் விற்கும் இட்லியில் பாதி இங்கே அவிந்ததாகத்தான் இருக்கும் என்பது என் ஊகம்!

கூட்டிப்போகிறவர் அந்த ஏரியாப் பையனா, பணம் அங்கே திரும்புகிறதா என்று முதலில் விசாரியுங்கள். போட்டோ எடுக்கத் தடை போடும் குழுவோடு போவது நல்லது. பட்டறை ஓடும் வார நாளாகப் பாருங்கள்.