காவி தோய்த்த வெள்ளை அங்கி

1976ஆம் ஆண்டு நம் பள்ளி ஆண்டு விழாவில், ஒன்பதாம் வகுப்பு மாணவர்களாகிய நாங்கள் பரமார்த்த குருவின் கதையை நாடகமாக நடித்ததை இம்மலரைப் படிப்போரில் சிலராவது மறந்திருக்க மாட்டீர்கள். குருவாக நடித்தவன் கீழக்கரையில் லெப்பையாக, அதாவது பள்ளிவாசலில் தொழுகை நடத்துபவராக, இருந்த ஒருவரின் மகன். தங்கச்சிமடத்தில் படகும் வலையும் உடைய சம்மாட்டி வீட்டுப் பிள்ளையாகிய எனக்குக் குருவின் சீடன் மட்டியின் வேடம் கிடைத்தது; அந்த வேடத்துக்கு நான் அதிகம் ஒத்திகை பார்க்க வேண்டியிருக்கவில்லை என்பது என் வகுப்புத் தோழர்களின் கருத்து. குருவுக்குக் காவி உடை வேண்டும், விடுதியில் யாரிடமும் காவித்துணி இல்லை. விடுதிச் சாமியாராகிய கத்தோலிக்கக் குருவிடம் போய்க் கேட்டபோது, அவர் தம்முடைய பழைய வெள்ளை அங்கி ஒன்றை எடுத்துக் கொடுத்து, காவிக்கட்டியைக் கரைத்து அதில் தோய்த்துக்கொள்ளச் சொன்னார். நாங்கள் தோய்த்த விதத்தில் அது திட்டுத்திட்டாகச் சாயமேறி, அணிந்தவனை ஒரே சமயத்தில் துறவியாகவும் சுவரொட்டி ஒட்டுபவனாகவும் காட்டியது.

பிட்டம் குளிர்ந்தால் மரணம் நெருங்கிவிட்டது என்று நம்பிய குருவைச் சீடர்கள் சுமந்து செல்லும் கடைசிக் காட்சியில், முன்வரிசையில் அமர்ந்திருந்த அந்தச் சாமியார் கண்ணில் நீர் வரச் சிரித்தது மேடையிலிருந்த எங்களுக்கே கேட்டது. மறுநாள் ஊர்ப் பெரியவர் ஒருவர், குருவானவர் அணிந்த உடையைக் கோமாளிக்குக் கொடுக்கலாமா என்று மனம் வருந்திக் கேட்டாராம். "கதையை எழுதினவரே ஒரு சாமியார்தானே, அவரும் காவிதானே கட்டினார்" என்று சாமியார் பதில் சொன்னதாகச் சமையற்காரர் வழியாக எங்களுக்குச் செய்தி வந்தது.

அவர் சொன்னது உண்மை. இத்தாலியிலிருந்து வந்த இயேசு சபைத் துறவியாகிய வீரமாமுனிவர் (1680–1747), தேம்பாவணி பாடிய அதே கையால் மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன் ஆகிய ஐந்து சீடர்களையும் அவர்களுக்கு ஏற்ற ஒரு குருவையும் படைத்தார். 1822இல் அந்தக் கதை பாபிங்டனின் ஆங்கில மொழிபெயர்ப்போடு லண்டனில் அச்சாயிற்று. தமிழில் தொடக்கக் கால உரைநடைக் கதைகளுள் ஒன்றான இது சமயகுருவைப் பார்த்துச் சிரிக்கும் கதை, அதை எழுதியவரும் சமயகுரு. அவர் யாரைப் பார்த்துச் சிரித்தார் என்பது பற்றிக் கருத்து வேறுபாடு உண்டு. இந்நாட்டு மடங்களைக் கேலி செய்தார் என்பார் சிலர். எனக்கு அப்படித் தோன்றுவதில்லை. ஆறு தூங்குகிறதா விழித்திருக்கிறதா என்று கொள்ளிக்கட்டையால் தொட்டுப் பார்க்கும் சீடர்களிடம் அகப்பட்டுக்கொண்ட அந்தக் கிழவரை எழுதியவர், தம்மைச் சுற்றியிருந்த உபதேசியார்களையும், ஒருவேளை கண்ணாடியில் தம்மையும் பார்த்துவிட்டுத்தான் எழுதியிருக்க வேண்டும்.

அதே ஆண்டில் ஆங்கிலத் துணைப்பாடமாக, வேக்ஃபீல்டு ஊர்ப் பாதிரியாரைப் பற்றி ஆலிவர் கோல்ட்ஸ்மித் 1766இல் வெளியிட்ட நாவலின் சுருக்கப் பதிப்பைப் படித்தோம். குதிரையை விற்கச் சந்தைக்குப் போன மகன் பணத்துக்குப் பதில் பன்னிரண்டு டஜன் பச்சை மூக்குக் கண்ணாடிகளோடு திரும்பி வருவதும், வீட்டுக்குள் மாட்டவே முடியாத அளவு பெரிதாகக் குடும்பப் படம் வரையப்படுவதும் எங்களைப் பரமார்த்த குருவுக்கே திரும்ப அழைத்துச் சென்றன. ஆங்கில ஆசிரியர் ஒரு மாலையில், இந்தச் சிரிப்பை வீட்டுக்குள் உட்கார்ந்துகொண்டு சிரிக்கிற சிரிப்பு என்றும், தெருவில் நின்றுகொண்டு ஒரு வீட்டைப் பார்த்துச் சிரிக்கிற சிரிப்பு வேறு என்றும் சொன்னார். தேர்வுக்கு வராத செய்தி என்பதால் அதை நாங்கள் குறித்துக்கொள்ளவில்லை. நாற்பது ஆண்டுகளாக நான் படித்த கதைகளிலெல்லாம் எனக்குக் கைகொடுத்தது அந்த ஒரு வாக்கியந்தான்.

முதல்வகைச் சிரிப்புக்கு நான் புத்தகம் தேடிப் போக வேண்டியிருந்ததில்லை. என் தந்தையார் வலை இழுத்துக்கொண்டே ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கத்தின் நீளத்தைக் கடல் ஆழத்தை அளப்பதுபோலப் பாகத்தில், அதாவது இரு கைகளையும் விரித்த நீளத்தில், அளந்து சொல்வார். "இன்னைக்கு ஏழு பாகம்டா, அடி தட்டவே இல்லை" என்றால், வலையின் மடியில் இருந்த மீனைவிட வள்ளத்தில் சிரிப்புத்தான் அதிகமாக இருக்கும். அதே மனிதர் கரையில் சாமியாரைக் கண்டால் தலைத்துண்டை அவிழ்த்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நிற்பார். நல்ல பாடு கிடைத்த நாளில் வேர்க்காட்டுச் சந்தியாகப்பர் கோயிலுக்குரியதை எடுத்து வைத்த பிறகே விலை பேசுவார். 1549இல் அந்தோணி கிரிமினாலி என்ற இயேசு சபைத் துறவி கொல்லப்பட்ட வேதாளையும், 1693 பிப்ரவரி 4 அன்று அதே சபையின் துறவியாகிய அருளானந்தர் தலை வெட்டப்பட்ட ஓரியூரும் உள்ள கடற்கரை நம்முடையது. ஓரியூர்ச் செம்மண்ணை நெற்றியில் இட்டுக்கொள்ளும் மக்கள்தாம் பிரசங்கத்தை முழம் போட்டு அளந்து சிரித்தார்கள்.

பிழைப்புத் தேடிச் சிங்கப்பூருக்கு வந்து, கப்பல் பட்டறை ஒன்றில் கணக்கெழுதும் வேலையில் அமர்ந்த பிறகு, விடுமுறை நாள்களில் நூலகத்தில் ஆங்கில நாவல்களைத் தொடர்ந்து படிக்கத் தொடங்கினேன். அந்தோனி டிரோலோப் 1855இல் எழுதிய ஒரு சிறு நாவல், முதியோர் இல்லம் ஒன்றின் காப்பாளராக இருக்கும் ஹார்டிங் என்ற குருவைப் பற்றியது. இல்லத்தில் இருக்கும் பன்னிரண்டு கிழவர்களுக்கு நாளொன்றுக்கு ஒரு ஷில்லிங் நான்கு பென்ஸ். காப்பாளருக்கோ ஆண்டுக்கு எண்ணூறு பவுன். பழங்காலத்தில் ஒருவர் ஏழைகளுக்கென்று எழுதிவைத்த சொத்து யாருக்குப் போகிறது என்று, ஹார்டிங்கின் மகளை மணக்க விரும்பும் இளைஞனே வழக்குத் தொடுக்கிறான். நாளிதழ் ஒன்று தாக்கி எழுதுகிறது. மனம் கலங்கும் போதெல்லாம் கையில் இல்லாத செலோ வாத்தியத்தைக் காற்றிலே வாசிக்கத் தொடங்கிவிடும் அந்த நல்ல மனிதர், வழக்கு கைவிடப்பட்ட பிறகும், தமக்குச் சேர வேண்டியதுதானா அந்தப் பணம் என்ற கேள்வி உறுத்தப் பதவியை விட்டு விலகுகிறார். அவர் போன பிறகு கிழவர்களுக்கு அவர் தம் கைக்காசிலிருந்து கொடுத்துவந்த இரண்டு பென்ஸும் நின்றுபோகிறது.

கணக்கெழுதுபவன் என்பதாலோ என்னவோ, நான் அந்த நாவலைப் பலமுறை படித்தேன். அதில் யாரும் கடவுள் உண்டா என்று கேட்பதில்லை. கணக்குத்தான் கேட்கப்படுகிறது. அந்த நாவல் வந்து நான்கே ஆண்டுகளில், 1859இல், உயிரினங்களின் தோற்றம் குறித்த டார்வினின் நூல் வெளிவந்தது. 1888இல் திருமதி ஹம்ஃப்ரி வார்டு எழுதிய நாவலில் ராபர்ட் எல்ஸ்மியர் என்ற இளங்குரு, பண்ணையார் ஒருவரின் நூலகத்தில் வரலாற்று நூல்களைப் படித்துப் படித்து அற்புதங்களில் நம்பிக்கை இழந்து, குருத்துவத்தைத் துறந்து, லண்டனின் ஏழைகள் வாழும் பகுதிக்குப் போய்ப் புதிய சகோதர அமைப்பு ஒன்றைத் தொடங்குகிறார். அதற்கு முன்பும் பின்பும் பிரதமராக இருந்த கிளாட்ஸ்டன் உட்கார்ந்து நீண்ட மதிப்புரை எழுதும் அளவுக்கு அந்த நாவல் அந்நாட்டைக் கலக்கியது. பல நூறு பக்கங்கள் கொண்ட அந்நூலில் குருவைப் பார்த்து நான் மனம்விட்டுச் சிரித்த இடம் ஒன்றுகூட இல்லை. நம்பிக்கை உறுதியாக இருந்த காலத்து எழுத்தாளர் பாதிரியாரைக் கேலி செய்தார். நம்பிக்கை ஆட்டங்கண்ட காலத்து எழுத்தாளருக்குக் கேலி வரவில்லை. எங்கள் ஆங்கில ஆசிரியர் சொன்ன வீடு இடியத் தொடங்கியிருந்தது, உள்ளே இருந்தவர்களுக்குச் சிரிக்க நேரமில்லை என்றுதான் நான் அதைப் புரிந்துகொண்டேன்.

தமிழில் இந்த வரிசை அப்படியே நிகழவில்லை. நம் கடற்கரையைப் பற்றி, அதாவது இராமநாதபுரம் முதல் குமரி வரையிலான நெய்தல் நிலத்தைப் பற்றி, நாவல்கள் வரத் தொடங்கியதே பிந்தித்தான். ராஜம் கிருஷ்ணனின் 'அலைவாய்க் கரையில்' என்ற நாவலை முதன்முறை படித்தபோது, டிரோலோப்பின் கிழவர்கள் வேட்டி கட்டிக்கொண்டு தூத்துக்குடிப் பக்கத்துக் கடற்கரையில் நிற்பதுபோல் இருந்தது. மீனில் தெறிப்பு, சுறாவில் துவி என்று கோயிலுக்குப் போகும் பங்கைக் குறித்து மீனவர்கள் முணுமுணுப்பதும், முணுமுணுப்பு முற்றிப் பகையாவதும் அதில் வருகின்றன. துவி என்றால் சுறாவின் இறகு. விலையுள்ள பொருள் என்பதை நம் ஊரில் சிறுபிள்ளைக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. அங்கும் முதல் கேள்வி வானத்தைப் பற்றியது அல்ல, கணக்கைப் பற்றியதே. குருவோடு சண்டை பிடித்தவன் ஜெபமாலையைக் கீழே வைத்துவிடவில்லை. இதைப் புரிந்துகொள்ளாமல், கோயில் வரியை எதிர்த்தவனையெல்லாம் நாத்திகன் என்று எழுதும் விமரிசகர்கள் மீது எனக்குப் பொறுமை கிடையாது.

தோப்பில் முஹம்மது மீரானின் 'ஒரு கடலோர கிராமத்தின் கதை' 1988இல் நூலாக வந்தது. ஊர் நம்பும் தங்ஙள், அதாவது இஸ்லாமியச் சமயப் பெரியவர், ஒருவர் பேயோட்டுவதாகச் சொல்லி ஏமாற்றுவதையும், ஊருக்கு ஆங்கிலப் பள்ளி வருவதை முதலாளி எதிர்ப்பதையும் அந்நாவல் சொல்கிறது. அந்தச் சிரிப்பு கசந்த சிரிப்பு. ஆனால் உள்ளேயிருந்து சிரிப்பது என்பதில் எனக்கு ஐயமில்லை. அன்று குருவாக நடித்த என் கீழக்கரை நண்பனுக்கு அதை அனுப்பிவைத்தேன். துபாயிலிருந்து அவன் எழுதிய பதிலில், "வாப்பா இருந்திருந்தால் புத்தகத்தைத் தூக்கி எறிந்திருப்பார், இரவில் எழுந்து எடுத்து முழுக்கப் படித்திருப்பார்" என்று இருந்தது.

பாமாவின் 'கருக்கு' (1992) வேறொரு திருப்பம். அதுவரை பீடத்துக்குக் கீழே உட்கார்ந்திருந்தவர்கள் பீடத்தைப் பார்த்து எழுதினார்கள்; இங்கே துறவு உடையை உடுத்தி, அதற்குள்ளும் சாதி இருப்பதைக் கண்டு, அதைக் கழற்றிவிட்டு வெளியே வந்த ஒருவரே எழுதினார். அவருடைய ஊர் பழைய இராமநாதபுரம் மாவட்டத்தில், இப்போதைய விருதுநகரில், இருப்பது. படித்துவிட்டுப் பல நாள் எனக்கு நிம்மதியில்லை, ஏனென்றால் எங்கள் கோயிலில் யார் எங்கே நின்றார்கள் என்று நான் அதுவரை யோசித்துப் பார்த்ததே இல்லை. ஜோ டி குரூஸின் 'ஆழி சூழ் உலகு' (2004) காட்டும் காகு சாமியார் இதற்கு மறுபுறம் நிற்கிறார். மக்கள்மேல் உருகிய அவரைப் படிக்கும்போது, போனவர் திரும்பி வரமாட்டார் என்ற ஏக்கம் வரிக்கு வரி தெரிகிறது. ஏக்கத்தோடு எழுதப்படும் குருவும் கோபத்தோடு எழுதப்படும் குருவும் ஏறத்தாழ ஒரே தலைமுறையில் தோன்றியதே நம்முடைய நிலைமை.

நம் மாவட்டத்துச் சமயகுருக்களில் என் மனத்தில் மிகத் தெளிவாக நிற்பவர் புனைகதையில் வருபவரே அல்லர். அப்துல் கலாம் 1999இல் வெளியிட்ட தன்வரலாற்றில், தொப்பி அணிந்த பையன் பூணூல் அணிந்த பையனோடு முன்வரிசையில் உட்காரக்கூடாது என்று புதிய ஆசிரியர் ஒருவர் பின்வரிசைக்கு அனுப்பிவிடுகிறார். பூணூல் பையனின் தந்தையும் இராமேசுவரம் கோயிலின் தலைமை அர்ச்சகருமான லட்சுமண சாஸ்திரி அந்த ஆசிரியரை அழைத்துக் கண்டிக்கிறார். இப்படியொரு குருவை நாவலில் வைத்தால், நடக்கிற காரியமா என்று நாமே கேட்டிருப்போம்.

2018இல் நம் வகுப்பினர் கூடும் விழாவுக்காக ஊருக்குப் போயிருந்தேன். பரமார்த்த குருவை இப்போதைய மாணவர்களைக் கொண்டு மறுபடி நடிக்கச் செய்யலாம் என்று நான் சொன்னபோது விழாக் குழுவில் ஒருவரும் வாய் திறக்கவில்லை. பிறகு ஒருவர், "குருன்னு பேரு இருக்கு, காவி வேற கட்டணும், எதுக்குண்ணே வம்பு" என்றார். இன்னொருவர், வெள்ளை அங்கி என்றால் அதுவும் வம்புதான் என்றார். தாடி ஒட்டக்கூடாது என்று மூன்றாமவர் சேர்த்துக்கொண்டார். எல்லாரும் நல்லவர்கள், என்னைவிட அதிகமாகக் கோயிலுக்கும் பள்ளிவாசலுக்கும் போகிறவர்கள். கடைசியில் பரதநாட்டியம் வைத்தார்கள்.

விழா முடிந்த மறுநாள், ஓய்வுபெற்ற குருக்கள் தங்கும் இல்லத்தில் நம் விடுதிச் சாமியாரைப் போய்ப் பார்த்தேன். கண்பார்வை மங்கியிருந்தது, குரலைக் கொண்டு அடையாளம் கண்டார். காவி தோய்த்த அங்கி என்ன ஆயிற்று என்று கேட்டேன். துவைக்கத் துவைக்கச் சாயம் போகாததால் சமையற்காரர் அதைக் கிழித்துப் பானை இறக்கும் துணியாக்கிக் கொண்டதாகச் சொன்னார். நாடகம் நடக்கவில்லை என்ற செய்தியைச் சொன்னபோது ஒன்றும் பேசவில்லை. நான் விடைபெற எழுந்தபோது என் கையைப் பிடித்துக்கொண்டு, "உன் அப்பா வள்ளத்துல என் பிரசங்கத்துக்குப் பாகம் போடுவாராமே, எனக்கு எத்தனை போட்டாரு?" என்று கேட்டார்.

"ஒன்பது, சாமி" என்றேன்.

"எட்டுதான்" என்றார் சாமியார். "ஒண்ணு நீ சேர்த்துச் சொல்ற."