ஓசைக்குடம்: நாவல் வேலைக் குறிப்புகள்

ஜூலை 18

மலைநாட்டுக் கதையின் நடுவில் இருக்கப்போகும் பொருள் முடிவாகிவிட்டது. ஓசையைச் சேர்த்து வைக்கும் படிகக் குடம். வாயைத் திறந்து வைத்தால் சுற்றியுள்ள ஓசை உள்ளே இறங்கும், மூடினால் தங்கும், மறுபடி திறந்தால் வெளியேறும். மந்திரம் இந்த ஒன்றுதான். மற்றதெல்லாம் நம் உலகத்துக் கணக்குப்படி நடக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மந்திரமே பதில் சொன்னால் கதையில் யாருக்கும் ஒரு கஷ்டமும் வராது. அப்புறம் யார் படிப்பது?

படிகத்தைத் தேர்ந்ததற்குக் காரணம் உண்டு. குவார்ட்ஸ் என்னும் படிகத்தை அழுத்தினால் மின்னழுத்தம் பிறக்கிறது என்று பிரெஞ்சுச் சகோதரர்கள் ழாக் கியூரியும் பியேர் கியூரியும் 1880இல் கண்டார்கள். முதல் உலகப் போர்க் காலத்தில் பிரெஞ்சு இயற்பியலாளர் போல் லான்ஜவன் அதே குவார்ட்ஸை வைத்துக் கடலுக்கடியில் ஒலியை அனுப்பி எதிரொலியைப் பிடித்தார். ஓசைக்கும் படிகத்துக்கும் பழைய உறவு.

ஜூலை 20

இன்று முழுக்கக் கணக்கு. குடத்தில் சேரும் ஓசையின் ஆற்றலை வைத்து ஒரு டம்ளர் டீ போட எவ்வளவு நேரம் பேச வேண்டும்? சாதாரணமாகப் பேசும்போது நம் வாயிலிருந்து வரும் ஒலியின் திறன் ஏறக்குறைய 10 மைக்ரோவாட், அதாவது ஒரு வாட்டில் லட்சத்தில் ஒரு பங்கு. ஒரு டம்ளர் தண்ணீரை, அதாவது 200 மில்லியை, 30 டிகிரியிலிருந்து 90 டிகிரிக்குக் கொண்டுபோக 50,000 ஜூல் ஆற்றல் வேண்டும் (ஒரு வாட் ஒரு நொடி ஓடினால் ஒரு ஜூல்). வகுத்துப் பார்த்தால் சுமார் 160 வருடம் இடைவிடாமல் பேச வேண்டும். தொண்டை கிழியக் கத்தினால் ஒரு மில்லிவாட் வரை வரலாம். அப்போதும் ஒன்றரை வருடத்துக்கு மேல் ஆகிறது. ஒரு டம்ளர் டீக்கு!

எனக்கு இது பிடித்திருக்கிறது. ஒரு குடம் நிறையத் தலைமுறைகள் ஆகும் என்றால் அது சொத்து. கொள்ளுப்பாட்டி வைத்த குடத்தைத் திறக்கலாமா கூடாதா என்று வீட்டுக்குள் சண்டை வரும். கல்யாணத்தில் சீதனமாகக் கேட்பார்கள்.

ஜூலை 21

அருவிக்கடியில் வைக்கலாமே என்று வாசகர் கேட்பார். விழும் தண்ணீரின் ஆற்றலில் ஓசையாவது மிகச் சொற்பம். அங்கே சக்கரம் வைப்பதுதான் லாபம். இரண்டாம் அத்தியாயத்திலேயே ஒரு அரவைச் சக்கரத்தைக் காட்டிவிடுகிறேன். மின்னல் ஒன்றில் நூறு கோடி ஜூல் அளவுக்கு இருக்கும், ஆனால் இடியோசையாக வருவது ஒரு சதவீதத்துக்கும் குறைவு. அதுவும் மைல் கணக்கில் பரவிப்போகும். கூரைமேல் வைத்த குடத்துக்குள் எவ்வளவு விழும்?

ஜூலை 25

தெருவில் அம்மன் கோயில் கொடை. எழுத முடியவில்லை. ஆம்ப்ளிஃபயரில் போட்டிருக்கும் வாட் எல்லாம் ஒலியாவதில்லை. சாதாரண வீட்டு ஸ்பீக்கருக்கு 100 வாட் கொடுத்தால் ஒரு வாட் ஒலி தேறும், மிச்சம் கம்பிச்சுருளைச் சூடாக்கும். கூம்பு ஸ்பீக்கர் இதைவிடப் பல மடங்கு தேற்றும், அதனால்தான் என் ஜன்னல் கண்ணாடி அதிர்கிறது. இரவு 10 மணிக்கு மேல் ஒலிபெருக்கி கூடாது என்று 2000ஆம் ஆண்டு விதி இருக்கிறது. வில்லுப்பாட்டு சூடுபிடிக்கும் நேரத்தில் அதை யார் போய்ச் சொல்வது?

கையளவு ஆற்றல் ஒரு தெருவையே தூங்கவிடாமல் செய்கிறது. எல்லாம் காது செய்யும் வேலை. கேட்கக்கூடிய மிக மெல்லிய ஒலிக்கும் வலிக்கத் தொடங்கும் ஒலிக்கும் இடையே ஆற்றலில் லட்சம் கோடி மடங்கு வித்தியாசம். அத்தனையையும் இந்த ஒரு காதே சமாளிக்கிறது.

ஜூலை 27

அக்கா மகன் வந்திருந்தான். பொறியியல் கடைசி வருடம். டீக் கணக்கைக் காட்டினேன். “சரி மாமா, அந்தக் குடத்தை ஒரே செகண்டுல திறந்துவிட்டா?” என்று கேட்டான்.

அங்கேயே உட்கார்ந்து போட்டோம். 50,000 ஜூல் ஒரு நொடியில் வெளியே வந்தால் 50,000 வாட் ஒலி. எல்லாத் திசையிலும் சமமாகப் பரவினாலும் 10 மீட்டர் தள்ளி நிற்பவன் காதில் 136 டெசிபல். 120, 130க்கே காது வலிக்கத் தொடங்கிவிடும். பக்கத்தில் நிற்பவன் கதி அவ்வளவுதான்.

ஆக, ஒரு டம்ளர் டீக்கு மேல் போட வக்கில்லாத குடம், ஒரு கூட்டத்தையே கலைக்கும். சீதனம் என்று எழுதிய பக்கங்கள் இருக்கட்டும்; ஆனால் குடத்தைத் தேடி வருவது இனி மாப்பிள்ளை வீட்டார் மட்டுமில்லை, அரண்மனையும்தான்.

ஆகஸ்ட் 2

நிரம்பிக்கொண்டிருக்கும் குடம் சுற்றியுள்ள ஓசையைத் தின்னும். அப்படியானால் அந்த அறை எப்படி இருக்கும்? அமெரிக்காவின் ரெட்மண்டில் மைக்ரோசாஃப்டுக்கு எதிரொலியே இல்லாத அறை ஒன்று உண்டு. 2015இல் கின்னஸ் பதிந்த அளவு மைனஸ் 20 டெசிபலுக்கும் கீழே, அதாவது காதுக்குக் கேட்கும் எல்லைக்கும் வெகு கீழே. அப்படிப்பட்ட அறைகளில் நிற்பவர்களுக்குத் தங்கள் நெஞ்சுத்துடிப்பே கேட்கிறதாம். ஆனாலும் அங்கே எதிரில் இருப்பவரோடு பேச முடியும். என் குடம் அதையும் விடாது.

அரண்மனைக் குடங்களைத் தங்கள் குடிசையில் வைத்துக்கொள்ள ஏழைகளுக்குக் கூலி உண்டு. பேச்சு, சிரிப்பு, சண்டை எல்லாம் குடத்துக்குள் போகும். தொட்டிலில் பிள்ளை அழுதால் அடுப்படியில் இருக்கும் தாய்க்குக் கேட்காது. அவள் தொட்டிலிலிருந்து தன் கால் கட்டைவிரலுக்கு ஒரு கயிறு கட்டிக்கொள்கிறாள். கதை இவளுடையதுதான். முதல் அத்தியாயத்திலிருந்த இளவரசனை எடுத்துவிட்டேன்.

ஆகஸ்ட் 6

கூலியை எப்படி அளப்பது? குடம் நிறைந்ததா என்று வெளியே தெரியாது, திறந்து பார்க்கவும் முடியாது. அரண்மனைக் கணக்கன் குடத்தின் விளிம்பைச் சுண்டி, அதன் அதிர்வைக் கைவைத்துப் பார்த்து அளவு சொல்வான். கண்டிப்பாகக் குறைத்துத்தான் சொல்வான். அவளும் சுண்டிப் பழகுகிறாள். மூன்றாம் அத்தியாயம் இந்தக் கணக்கனும் அவளும் வாசலில் போடும் கூலித் தகராறு. இருவரும் கத்துகிறார்கள், குடத்தின் வாய் திறந்தே இருக்கிறது.