கட்டம் தட்டிப் படித்த ஜெர்மன், தாளில் காலை வாரியது

ஜெர்மன் மொழியின் பி1 (இடைநிலை) பரீட்சையில் வாசித்தல், கேட்டல், பேசுதல் மூன்றும் தேறியது. எழுத்தில் மட்டும் நூற்றுக்கு 52. தேற 60 வேண்டும். ஒரு வருஷம், ஒரு நாள் விடாமல் மொழி கற்கிற ஆப்பைத் திறந்ததற்குக் கிடைத்த பலன் இது. நல்லவேளை, விழுந்த பகுதியை மட்டும் திரும்ப எழுதினால் போதும். மறுபடி திருவனந்தபுரம் போய் அதையும் முடித்தாயிற்று. மார்த்தாண்டம், தக்கலைப் பக்கம் நர்சிங் முடித்து ஜெர்மன் படிக்கிற பிள்ளைகளுக்காக, சறுக்குகிற இடங்களை மட்டும் சொல்கிறேன்.

பெரிய ஏமாற்று, வார்த்தைக் கட்டங்கள். திரையில் ஆறேழு வார்த்தை கிடக்கும். வரிசையாகத் தட்டினால் பச்சை டிக். கண்ணால் பார்த்தால் தெரிகிறது, அவ்வளவுதான், கைக்கு வராது. பரீட்சையில் 60 நிமிஷத்துக்குள் நண்பருக்கு 80 வார்த்தை மெயில், கருத்து 80, மரியாதை நடையில் 40. கட்டம் எதுவும் கிடையாது. ஆகவே ஆப்பில் டைப் செய்கிற வசதி இருந்தால் அதையே பிடியுங்கள். இல்லாவிட்டால் கட்டங்களைக் கையால் மறைத்து, விடையை வாய்விட்டுச் சொல்லிவிட்டுப் பிறகு பாருங்கள். போனில் ஜெர்மன் கீபோர்டும் சேர்த்துவிடுங்கள். 'ஓ' மேல் இரண்டு புள்ளி விட்டுப்போனால் 'அழகான' என்பது 'ஏற்கெனவே' ஆகிவிடும். ஆப் மன்னித்தாலும் தாள் திருத்துகிறவர் மன்னிக்க மாட்டார்.

அடுத்தது இங்கிலீஷ் வழியாகச் சுற்றிப் போவது. 'வைல்' (ஏனென்றால்) வந்தால் வினை கடைசிக்குப் போகும்: 'வைல் இஷ் க்ராங்க் பின்' ('பின்' என்பதுதான் வினை, 'இருக்கிறேன்'). இங்கிலீஷில் யோசித்தால் 'பின்' நடுவில் வந்து நிற்கும். தமிழில் 'நான் நோயாளியாய் இருப்பதால்' என்று யோசியுங்கள், வினை தானாகக் கடைசியில் விழும். இதை ஆப்பும் சொல்லித் தரவில்லை, கோச்சிங்கிலும் சொல்லவில்லை. அந்த வயிற்றெரிச்சல் இன்னும் இருக்கிறது.

வார்த்தைகளுக்கு அன்கி, அதாவது அட்டைகளைத் திரும்பத் திரும்பக் காட்டி மனதில் பதியவைக்கும் ஆப். ஆண்ட்ராய்டில் இலவசம், ஐபோனில் காசு. ஒரு நாளைக்குப் புது அட்டை 20 என்று அதுவாகவே வைத்திருக்கும். உடனே 8 ஆக்குங்கள். இன்று சேர்க்கிற ஒவ்வொரு அட்டையும் நாலு நாள், பத்து நாள் கழித்துத் திரும்பி வரும். 20-ஐ அப்படியே விட்டால் ஒரே மாதத்தில் தினசரி நூற்றைம்பது குவிந்து, ஆளே ஓடிவிடுவார். மறந்ததற்கு 'கஷ்டம்' பட்டனை அமுக்காதீர்கள். அது தெரிந்த கணக்கில் போய்விடும். மறந்தால் 'மீண்டும்'தான். அட்டையின் முன்பக்கம் தமிழ். பின்பக்கம் 'டெர் டிஷ், டீ டிஷே' (மேஜை, மேஜைகள்) என்று பால், ஒருமை, பன்மை மூன்றும் சேர்த்து. 'டிஷ்' என்று மட்டும் படித்தவர்கள் பிறகு டெர்ரா டீயா என்று முழிப்பார்கள்.

நாகர்கோவில் பஸ்ஸில் அட்டை புரட்டலாம். பேச்சுப் பயிற்சி வேண்டாம். ஹாரன் சத்தத்துக்கும் ஆப்பின் மைக் சரி போட்டுவிடும். அதை வீட்டில் வைத்துக்கொண்டு, உங்கள் குரலைப் பதிவு செய்து மூலத்தோடு ஒட்டிக் கேளுங்கள். கேட்பதற்கு ஜெர்மன் ஒலிபரப்பு நிறுவனமான டாய்ச்ச வெல்லேயின் 'நிகோஸ் வேக்' வீடியோ பாடம், ஆரம்ப நிலையான ஏ1 முதல் பி1 வரை இலவசம்.

கடைசி இரண்டு மாதம் வாரம் மூன்று மெயில், கடிகாரம் வைத்து, பேனாவால். திருத்தி வாங்கிய தப்பு ஒவ்வொன்றும் ஓர் அன்கி அட்டை. 52-ஐத் தாண்ட வைத்தது இதுதான்.

பரீட்சைக்குப் போகும்போது பாஸ்போர்ட் ஒரிஜினல் எடுத்துக்கொள்ளுங்கள். ஜெராக்ஸோடு வந்த ஒருவர் வாசலிலிருந்தே திரும்பிப் போனார்.