அக்காவுக்கு 2013-லேயே முடிந்துபோன கெடு

தாத்தா எனக்கு 60 சென்ட், அக்காவுக்கு 60 சென்ட் என்று தனித்தனியாக எல்லை குறிப்பிட்டு செட்டில்மெண்ட் எழுதிவைத்திருந்தார். அப்பா போனபிறகு நாங்கள் டவுனுக்கு வந்துவிட்டோம். நிலம் குத்தகையில் இருப்பதாகத்தான் அம்மா சொல்லிக்கொண்டிருந்தார். 2017 ஜனவரியில் படிப்புக் கடனுக்காக வங்கியில் சொத்துப் பத்திரம் கேட்டபோது வில்லங்கம் போட்டுப் பார்த்தேன். 2005-இலேயே இரண்டு பங்கும் கிரயமாகியிருந்தது.

நகல் மனு போட்டுப் பத்திரத்தை வாங்கிப் படித்தேன். 'மைனர்களுக்காகத் தாயும் கார்டியனுமான' என்று அம்மாவின் பெயர். படிப்புச் செலவுக்கும் குடும்பக் கடன் தீர்க்கவும் விற்பதாகக் காரணம். கோர்ட் அனுமதி பற்றி ஒரு வரி கிடையாது.

சொந்தக்காரர்கள் எல்லோரும் ஒரே குரலில் சொன்னது, "பன்னிரண்டு வருஷம் டைம் இருக்கு, அவசரப்படாதே." அதை நம்பி இன்னும் ஆறு மாதம் போக்கியிருந்தால் என் கதையும் முடிந்திருக்கும். கல்லூரி நண்பனின் அப்பா வக்கீல். பத்திரத்தைப் புரட்டிவிட்டு அவர் கேட்ட முதல் கேள்வி: "தம்பி, உனக்கு 21 எப்போ முடியுது?"

அப்பா இல்லாதபோது அம்மாதான் இயற்கைக் காப்பாளர். 1956-ஆம் வருட இந்து மைனர், காப்பாளர் சட்டம் 8-ஆவது பிரிவுப்படி, மைனரின் நிலத்தை விற்க அவர் முன்கூட்டியே கோர்ட் அனுமதி வாங்கியிருக்க வேண்டும். வாங்காமல் விற்றால் அந்தக் கிரயம் அடியோடு செல்லாததாகிவிடாது, மைனர் வந்து மறுக்கும்வரை செல்லும். அப்படி ரத்து செய்யக் கேட்க காலவரையறைச் சட்டம் 60-ஆவது இனம் தரும் கெடு, மேஜரான (18 வயது முடிந்த) நாளிலிருந்து 3 வருடம், அதாவது 21 முடியும்வரை. பத்திரத்தை எப்போது பார்த்தோம் என்பது அந்தக் கணக்கிலேயே வராது. பன்னிரண்டு வருடம் என்பது வேறு வழக்கு: சித்தப்பா, மாமா போல காப்பாளர் அதிகாரமே இல்லாத ஒருவர் விற்றிருந்தால் அது தொடக்கத்திலிருந்தே செல்லாது, சுவாதீனம் (நிலத்தைத் திரும்பத் தன் கையில் ஒப்படைக்கச் சொல்வது) கேட்கத்தான் 12 வருடம். ஊரில் இரண்டையும் ஒன்றாகக் குழப்பிப் பேசுகிறார்கள். அந்தக் குழப்பத்தில் பறிபோகும் நிலங்களை நினைத்தால் இன்றும் மனம் கொதிக்கிறது.

அக்கா 1992-இல் பிறந்தவள். வக்கீல் விரல்விட்டு எண்ணி, "பாப்பாவுக்கு 2013-லேயே போயிடுச்சு" என்றார். தாமதத்தை மன்னிக்கச் சொல்லி மனு போடலாமா என்று கேட்டேன். அது அப்பீலுக்குத்தான், புதிதாகப் போடும் வழக்குக்குக் கிடையாதாம். அக்கா அன்று ஒன்றும் பேசவில்லை. இரவு போனில், "உன்னோடதையாவது விட்டுடாதடா" என்றாள்.

என் தேதியிலும் ஒரு சிக்கல். பிறப்புச் சான்றிதழில் 1996 மே 12. பள்ளியில் சேர்க்கும்போது ஏப்ரல் 4 என்று கொடுத்திருந்தார்கள், டி.சி.யிலும் அதுவே. எதிர்த்தரப்பு நிச்சயம் டி.சி.யைத்தான் காட்டும் என்று வக்கீல் முந்தைய தேதியையே கெடுவாக வைத்துக்கொண்டார். மே மாதம் கோர்ட் விடுமுறை. கடைசி நாள் விடுமுறையில் விழுந்தால் திறக்கும் நாளில் தாக்கல் செய்யலாம் என்று சட்டம் இருக்கிறது. ஆனாலும் அதை நம்பி உட்கார அவர் சம்மதிக்கவில்லை. மார்ச் மாதமே பிராது (வழக்கு மனு) தாக்கலானது.

முதல் வரைவில் சுவாதீனம் மட்டும்தான் கேட்டிருந்தார்கள். அவருடைய சீனியர் படித்துவிட்டுத் திருப்பி அனுப்பினார். கிரயத்தை ரத்து செய்யும் பரிகாரத்தை முதலிலேயே கேட்க வேண்டும். அதை விட்டுவிட்டு, கெடு தாண்டியபின் திருத்தத்தில் சேர்த்தவர்கள் தோற்றதை விஸ்வாம்பர் வழக்கில் 2001-இல் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்திருக்கிறது என்று காட்டினார். ஒரு வரி விட்டுப்போனால் மொத்தமும் போகும்.

அம்மாவைப் பிரதிவாதியாகச் சேர்த்ததுதான் எல்லாவற்றையும்விடக் கொடுமை. சம்மன் வந்த அன்று அம்மா சாப்பிடவில்லை. "உங்க ஃபீஸ் கட்டத்தானேடா வித்தேன்" என்றார். அது உண்மை. தனியாளாக இரண்டு பிள்ளைகளை வைத்துக்கொண்டு அவர் வேறென்ன செய்திருப்பார்? கோர்ட் அனுமதி வேண்டுமென்று பத்திரம் எழுதியவர் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்.

2019 பிப்ரவரியில், தமிழ்நாட்டிலிருந்து போன முருகன் எதிர் கேசவ கவுண்டர் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதையே மீண்டும் சொன்னது: அனுமதியில்லாத விற்பனையை 3 வருடத்துக்குள் ரத்து செய்யக் கேட்க வேண்டும். (2025-இல் வந்த சிவப்பா வழக்கின் தீர்ப்புப்படி, மேஜரானபின் தன் நடத்தையாலும் அந்த விற்பனையை மறுக்கலாம், எப்போதும் வழக்குதான் போட வேண்டும் என்றில்லை. ஆனால் எங்கள் நிலம் வாங்கியவர் கையில் இருந்தது. வழக்கில்லாமல் அவர் இறங்கியிருக்க மாட்டார்.) 2019-இல் வந்த முருகன் வழக்குத் தீர்ப்புக்கும் என் குறுக்கு விசாரணைக்கும் பிறகு வாங்கியவர் பேச வந்தார். அவர் கொடுத்த பணத்தில்தான் நான் படித்தேன். ரத்து செய்யும்போது அதைத் திருப்பித்தரக் கோர்ட்டே சொல்லலாம். 2005 விலையில் என் பங்குக்கு உரியதும், அவர் போட்ட போர்வெல்லில் ஒரு பகுதிச் செலவும் நான் தருவதாக ராஜி (சமரச) மனு போட்டோம்.

சர்வேயர் வந்து அளந்து கல் நட்ட அன்று அம்மாவும் வந்திருந்தார். அக்கா கல்லுக்கு அந்தப் பக்கம் இருந்த தென்னைகளை எண்ணிக்கொண்டிருந்தாள். என் 60 சென்டில் பாதியை அவள் பெயருக்கு எழுதுவதாகச் சொல்லியிருக்கிறேன். இன்னும் சம்மதிக்கவில்லை. ஆதார் நகலை மட்டும் வாங்கி வைத்திருக்கிறேன்.