டைப்-சி: முனை ஒன்று, வேகம் பல

புது எஸ்எஸ்டி, அதாவது வெளியே மாட்டும் வேகமான சேமிப்பு டிரைவ். பெட்டியில் விநாடிக்கு 1000 எம்பி என்று போட்டிருக்கிறது, காப்பி ஆவதோ 40 எம்பியில். டிரைவைத் திட்டுவதற்கு முன்னால் கேபிளைப் பாருங்கள். பெரும்பாலும் அது போன் சார்ஜரோடு வந்த கேபிளாக இருக்கும்.

டைப்-சி என்பது முனையின் வடிவம் மட்டும்தான். அதில் 24 பின்களுக்கு இடம் உண்டு. ஆனால் சார்ஜர் கேபிள்கள் பலவற்றில் மின்சாரத்துக்கும் யுஎஸ்பி 2.0-க்கும் வேண்டிய கம்பிகளோடு நிறுத்திக்கொள்வார்கள். அதிவேகத்துக்கான கம்பி ஜோடிகள் உள்ளே கிடையவே கிடையாது. உச்சம் 480 எம்பிபிஎஸ், அதாவது விநாடிக்கு 480 மெகாபிட். எட்டு பிட் சேர்ந்தால்தான் ஒரு பைட், அதனால் கையில் கிடைப்பது சுமார் 40 எம்பி. 100 ஜிபி நகர 40 நிமிடத்துக்கு மேல் ஆகும். 10 ஜிபிபிஎஸ் (விநாடிக்கு 10 ஜிகாபிட்) கேபிளும் போர்ட்டும் அதற்கு ஈடுகொடுக்கும் டிரைவும் இருந்தால் அதே வேலை இரண்டு நிமிடத்துக்குள் முடியும். 240 வாட் என்று அச்சடித்த தடித்த கேபிளும் 480-இல் தவழலாம். வாட் வேறு, வேகம் வேறு.

பதிப்புப் பெயர்களை நம்பிப் பயனில்லை. 2008-இல் வந்த யுஎஸ்பி 3.0, பிறகு 3.1 ஜென் 1 ஆனது, அப்புறம் 3.2 ஜென் 1. மூன்றுமே 5 ஜிபிபிஎஸ்தான். இவ்வளவு குழப்பத்தை வேண்டுமென்றே செய்தால்கூட இப்படி வராது. ஜிபிபிஎஸ் எண்ணை மட்டும் பாருங்கள்: 5, 10, 20, 40, 80.

அதிலும் 20-இல் ஒரு வில்லங்கம் இருக்கிறது. ஜென் 2x2 வகை (10 ஜிபிபிஎஸ் பாதை இரண்டைச் சேர்த்தது) 20 ஜிபிபிஎஸ் டிரைவை, அதே டைப்-சி வடிவில் வரும் தண்டர்போல்ட் என்ற இன்னொரு அதிவேக இணைப்பின் 40 ஜிபிபிஎஸ் போர்ட்டில் செருகினால் 40-உம் வராது, 20-உம் வராது. பல கணினிகளில் 10-க்கு இறங்கிவிடும். 2x2-வை அந்தப் போர்ட் ஆதரிக்க வேண்டிய கட்டாயம் இல்லை என்பதே காரணம். இதற்குக் கேபிளை மாற்றிப் பலனில்லை.

நீளமும் முக்கியம். சிக்னலுக்கு வலுவூட்டும் சிப் இல்லாத சாதாரணக் கேபிளில் 10 ஜிபிபிஎஸ்ஸுக்கு 1 மீட்டர், 40-க்கு 0.8 மீட்டர் என்று வைத்துக்கொள்ளுங்கள். 2 மீட்டரில் 40 வேண்டுமென்றால் முனைகளில் அந்தச் சிப் வைத்த ஆக்டிவ் கேபிள் தேவை. பழைய தண்டர்போல்ட் 3 ஆக்டிவ் கேபிள்கள் பலவற்றில் சாதாரண யுஎஸ்பி டிரைவை மாட்டினால் மறுபடியும் அதே 480தான். தண்டர்போல்ட் 4 கேபிளில் அந்தத் தொல்லை இல்லை. நான் சொல்வேன், அதில் ஒன்றை வாங்கி நிறத்துணி சுற்றித் தனியாக வையுங்கள்.

எந்த வேகத்தில் இணைந்திருக்கிறது என்று கணினியே சொல்லும். மேக்கில் சிஸ்டம் இன்ஃபர்மேஷனில் யுஎஸ்பி பகுதியைத் திறந்து, டிரைவின் பெயரைத் தேர்ந்தெடுத்தால் வரும் விவரங்களில் வேகத்தைப் பாருங்கள். மற்றபடி 10 ஜிபி அளவுள்ள ஒற்றை ஃபைலைக் காப்பி செய்து பார்ப்பதே நேரான சோதனை. ஆயிரம் சின்னப் படங்களை வைத்து அளந்தால் எந்தக் கேபிளும் மந்தமாகத்தான் தெரியும்.

பழைய செவ்வக ஏ-வகை நீலப் போர்ட்டில் மட்டும் முனையை மெதுவாகத் தள்ளாதீர்கள். முன்னால் இருக்கும் 4 பின்கள் முதலில் தொட்டு, 2.0 ஆகவே இணைந்துவிடுவதுண்டு. பின்வரிசையின் 5 பின்களும் சேரும்படி கழற்றி, ஒரே வீச்சில் செருகுங்கள்.